ஆர்ஜேக்களோட பப்ளிசிட்டி வேலையை மறைக்க வைக்காதீங்க: ரேடியோ நிர்வாகங்களுக்கு ஒரு திறந்த மடல்

ரேடியோ ஸ்டேஷன் நடத்துற முதலாளிகளுக்கும், ஸ்டேஷன் ஹெட், ப்ரோகிராமிங் ஹெட், சேல்ஸ் ஹெட்னு பொறுப்புல இருக்கிற எல்லாருக்கும் வணக்கம்.

நான் மைக் முன்னாடி உக்காந்து ஷோ பண்ற ஆளு, ஷோ முடிஞ்சதும் பப்ளிசிட்டி வேலையும் பார்க்கிற ஆளு. பிரஸ் நோட் எழுதறது, புது ஆர்ட்டிஸ்டுக்கு இன்டர்வியூ ஸ்லாட் வாங்கித் தர்றது, ஈவென்ட்டுக்கு ஆளு சேர்க்கறது, விளம்பரத்துக்குக் குரல் கொடுக்கறதுன்னு அந்தப் பக்கமும் என் வாழ்க்கை ஓடுது. எனக்குத் தெரிஞ்ச ஆர்ஜேக்கள்ல பாதிப் பேருக்கு மேல இப்படித்தான். உங்க எல்லாருக்கும் இது தெரியும், தெரிஞ்சும் யாரும் வாய் திறந்து பேசறதில்ல. நான் கேக்கறது ஒண்ணே ஒண்ணுதான். எங்களோட பப்ளிசிட்டி வேலையைத் தடை பண்ணாதீங்க, கண்டும் காணாமலும் விடாதீங்க, எழுத்துல கொண்டு வாங்க, கேக்கறவங்க காதுக்கும் கொண்டு போங்க. ஏன் இப்படிக் கேக்கறேன்னு கொஞ்சம் விரிவாவே சொல்லணும், பொறுமையா படிங்க.

முதல்ல, ஒரு ஆர்ஜே ஏன் ரெண்டாவது வேலைக்குப் போறாங்கன்னு யோசிச்சுப் பாருங்க. பேராசைன்னு ஈஸியா சொல்லிடலாம், ஆனா இந்தத் தொழில் போன முப்பது வருஷமா எப்படிச் சுருங்கிட்டு வருதுன்னு உங்களுக்குத்தான் எங்களை விட நல்லாத் தெரியும். அமெரிக்காவுல 1996ல வந்த டெலிகம்யூனிகேஷன்ஸ் சட்டம், நாடு முழுக்க ஒரு கம்பெனி இத்தனை ஸ்டேஷன்தான் வச்சுக்கலாம்ங்கிற உச்சவரம்பை எடுத்துடுச்சு, அதுக்கப்புறம் சில வருஷத்துலயே கிளியர் சேனல்ங்கிற ஒரே கம்பெனி கையில 1,200 ஸ்டேஷனுக்கு மேல போயிடுச்சு. வாய்ஸ் டிராக்கிங் பரவலாச்சு, அதாவது ஒரே ஆளு ஒரு ரூம்ல உக்காந்து ரெக்கார்ட் பண்ணிக் கொடுத்தா அது பல ஊர் ஸ்டேஷன்ல அந்தந்த ஊர் ஷோ மாதிரியே ஓடும். அதே கம்பெனி ஐஹார்ட்மீடியான்னு பேர் மாத்திக்கிட்டு 2020 ஜனவரில ஆளுங்களைக் கூட்டமா வேலையை விட்டு அனுப்பினப்போ அதுல நிறையப் பேர் மைக் முன்னாடி இருந்தவங்க. 2024ல போலந்துல ஆஃப் ரேடியோ கிராக்கோவ்ங்கிற ஸ்டேஷன் மனுஷங்களுக்குப் பதிலா ஏஐ குரல்களை உக்கார வச்சுப் பார்த்துச்சு, எதிர்ப்பு கிளம்பினதும் சீக்கிரமே நிறுத்திட்டாங்க, ஆனா அந்த யோசனை அங்கேயே நின்னுடலைன்னு நமக்கெல்லாம் தெரியும். இந்த நிலைமைல வருஷத்துக்கு வருஷம் கான்ட்ராக்ட்ல, ரேட்டிங் ஏறினாத்தான் புதுப்பிப்புன்னு ஓடிட்டிருக்கிற ஒருத்தருக்கு ரெண்டாவது வருமானம் கண்டிப்பா வேணும். அது பப்ளிசிட்டிலதான் கிடைக்குது, ஏன்னா எங்க கையில இருக்கிற திறமைக்கு அங்கதான் மதிப்பு.

அந்தத் திறமை என்னன்னு சொல்றேன். மைக்ல பேசற ஒரு லிங்க் ரொம்பச் சின்னது. பாட்டோட முன்னிசை மேல பேச ஆரம்பிச்சு, பாடறவங்க வாயைத் திறக்கறதுக்கு முன்னாடி முடிச்சாகணும், அதுக்குள்ள ஒரு விஷயம் சொல்லணும், ஒரு சிரிப்பு இருக்கணும், அடுத்து என்ன வருதுன்னு ஒரு கொக்கி போடணும். ஒரு வாக்கியத்துல ஒரு பேர்தான், ஒரு நம்பர்தான், ரெண்டாவது நம்பர் வந்தா கேக்கறவங்க முதலாவதை மறந்துடுவாங்க. அடைப்புக்குறி கிடையாது, காற்புள்ளி வச்சு நீட்டற வேலை கிடையாது. கூட்டத்தைப் பார்த்துப் பேசக்கூடாது, தனியா வண்டி ஓட்டிட்டுப் போற ஒரே ஒரு ஆளுகிட்டப் பேசற மாதிரி பேசணும். வருஷக்கணக்கா இதைப் பழகின ஒருத்தர்கிட்டப் பிரஸ் நோட் எழுதக் கொடுத்தீங்கன்னா வித்தியாசம் உடனே தெரியும். ரேடியோ தெரியாதவங்க எழுதின நோட்ல முதல் வரிலயே கம்பெனியோட முழுப்பேர், நிறுவனரோட பதவி, மூணு விருது எல்லாம் வரிசையா நிக்கும், வாய்விட்டு வாசிக்கவே முடியாது. ரேடியோ ஆளு எழுதினா ஆர்ட்டிஸ்ட் பேரை எப்படி உச்சரிக்கணும்னு தனியா எழுதியிருக்கும், ஷோல அப்படியே போடற மாதிரி ஒரு இருபது செகண்ட் குரல் கிளிப் கூட வந்திருக்கும், மார்னிங் ஷோ டீம் அடுத்த நாளுக்கு உக்காந்து பிளான் பண்ற நேரத்துக்கு முன்னாடியே மெயில் போய்ச் சேர்ந்திருக்கும். இதெல்லாம் சின்ன விஷயம் மாதிரி தெரியலாம், ஆனா ஒரு புது ஆர்ட்டிஸ்டோட பேர் ஏர்ல வர்றதும் வராமப் போறதும் பெரும்பாலும் இந்தச் சின்ன விஷயத்துலதான் இருக்கு.

அந்தப் பக்கத்துலேர்ந்து இந்தப் பக்கத்துக்கும் லாபம் உண்டு. பப்ளிசிட்டி பார்த்த ஆர்ஜேக்கு ஒரு இன்டர்வியூக்குப் பின்னாடி என்ன நடக்குதுன்னு தெரியும். வந்து உக்கார்ற ஆர்ட்டிஸ்ட் காலையிலேர்ந்து எத்தனை ஸ்டேஷன்ல இதே பதிலைச் சொல்லிட்டு வந்திருக்காங்கன்னு தெரியும், அதனால வழக்கமான கேள்வியைத் தள்ளி வச்சுட்டு வேற கேள்வி கேப்பாங்க. எந்த வரி தயார் பண்ணிக் கொடுத்தது, எது மனசுலேர்ந்து வருதுன்னு கேக்கும்போதே காது பிடிச்சுடும். இந்தத் தொழிலை நல்லாச் செய்யறவங்க நிறையப் பேரு ரெண்டு பக்கமும் நின்னு பார்த்தவங்கதான், அதை நான் பெருமையாவே சொல்லுவேன்.

ஆனா ஆபத்து இல்லைன்னு நான் சொல்ல வரல. ஆபத்து இருக்கறதாலதான் இந்த மடலே. பேப்பர்ல விளம்பரம்னா அதைச் சுத்தி ஒரு கட்டம் இருக்கும், எழுத்து வேற மாதிரி இருக்கும், மேல 'விளம்பரம்'னு சின்னதா போட்டிருக்கும். டிவில திரையோட ஓரத்துல எழுதிக் காட்டலாம். போன்ல போட்டோ போடறவங்களுக்குக் கூட 2017லேர்ந்து இன்ஸ்டாகிராம் 'பணம் வாங்கிப் போட்ட கூட்டுப் பதிவு'ன்னு காட்டற லேபிளைக் கொடுத்துடுச்சு. ரேடியோல எந்தக் கோடும் கிடையாது. பாட்டைப் பத்திப் பேசற அதே குரல், அதே சுருதியில, மூச்சு கூட விடாம ஒரு பொருளைப் பத்திப் பேசுது, திரும்பப் பாட்டுக்குப் போகுது. கேக்கறவங்க கண்ணு ரோட்டுல இருக்கு, கை வேலையில இருக்கு, காது மட்டும்தான் நம்மகிட்ட இருக்கு. அவங்க நிகழ்ச்சியை ஆரம்பத்துலேர்ந்து கேக்கறவங்களும் இல்ல, நடுவுல வந்து சேருவாங்க, நடுவுலயே இறங்கிப் போயிடுவாங்க. அதனால ஷோ ஆரம்பிக்கும்போது ஒரு தடவை 'இந்த நிகழ்ச்சியில விளம்பரதாரர்கள் உண்டு'ன்னு சொல்லிட்டா கடமை முடிஞ்சதுன்னு நினைக்கறது செல்லாது. எந்த இடத்துல பேச்சு வருதோ அந்த இடத்துலயே சொல்லணும், அதுவும் அந்த ஆர்ஜே தன் சொந்தக் குரல்ல, சாதாரண வேகத்துல சொல்லணும். விளம்பரத்தோட வாலுல நிபந்தனைகளை ஓட விடற மாதிரி ஓட்டிட்டுப் போனா அது சொன்னதாவே ஆகாது.

இது இன்னைக்கு வந்த பிரச்சனை இல்ல. ஆலன் ஃப்ரீட் பேரை ரேடியோக்காரங்க யாரும் மறக்க முடியாது. அமெரிக்காவுல கிளீவ்லேண்ட்ல ராத்திரி ஷோ பண்ணிட்டு, அந்த ஷோலயே தன்னோட நிகழ்ச்சிக்கு விளம்பரம் பண்ணி, 1952 மார்ச்ல ஒரு பெரிய அரங்கத்துல இசை நிகழ்ச்சி நடத்தினவரு, அரங்கம் கொள்ளாத கூட்டம் வந்து ஆரம்பிச்ச கொஞ்ச நேரத்துலயே நிறுத்த வேண்டியதாப் போச்சு. ஒரு ரேடியோ குரலுக்கு ஆளைக் கூட்டற சக்தி எவ்வளவுன்னு அன்னைக்குத் தெரிஞ்சுது. அடுத்து நியூயார்க் போனாரு, ராக் அண்ட் ரோல்ங்கிற பேரைப் பரப்பினாரு, கறுப்பினக் கலைஞர்களோட பாட்டை அவங்க குரல்லயே வெள்ளைக்காரப் பசங்க காதுக்குக் கொண்டு போனாரு. அதே ஆளோட பேர்தான் ராக் அண்ட் ரோல் பாடகர் சக் பெரியோட முதல் ஹிட் பாட்டுல, எழுதாமலே எழுதினவர்னு வந்துச்சு, அந்தப் பேர் இருந்ததால அந்தப் பாட்டு ஓட ஓட அவருக்கும் காசு. மைக்கும் பப்ளிசிட்டியும் ஒரே கையில இருந்து, நடுவுல வெளிச்சமே இல்லாமப் போனா என்ன ஆகும்ங்கறதுக்கு இதை விடத் தெளிவான உதாரணம் இல்ல.

1959 நவம்பர்ல அவரு வேலை பார்த்த டபிள்யூஏபிசி ஸ்டேஷன், பாட்டு போட பணம் வாங்கினதே இல்லைன்னு கையெழுத்துப் போடச் சொல்லிக் கேட்டுச்சு, மாட்டேன்னு சொன்னாரு, வேலை போச்சு. 1962ல லஞ்சக் குற்றச்சாட்டு ரெண்டை ஒத்துக்கிட்டாரு, 300 டாலர் அபராதம் போட்டாங்க, ஆனா தொழில்ல அவருக்கு அதுக்கப்புறம் பழைய இடம் கிடைக்கவே இல்ல, 1965ல 43 வயசுல செத்துப் போயிட்டாரு. பாட்டு போடப் பணம் வாங்கறதைப் பத்தி அப்போ நடந்த விசாரணைக்கு வந்த டிக் கிளார்க், ரேடியோல ஆரம்பிச்சு டிவிக்குப் போனவரு, இசைக் கம்பெனிகள்ல தனக்கு இருந்த பங்கையெல்லாம் விட்டுக் கொடுத்துட்டு 1960ல நாடாளுமன்றக் குழு முன்னாடி வந்து பதில் சொன்னாரு, அவரோட வாழ்க்கை பல பத்தாண்டு ஓடுச்சு. ரெண்டு பேர்ல யாரு நல்லவர்னு தீர்ப்புச் சொல்றது என் வேலை இல்ல. ஆனா ஒருத்தரோட வெளி வியாபாரம் என்னென்னன்னு பட்டியல் போட்டுக் கேள்வி கேட்டது அந்தக் குழு உக்காந்த பிறகுதான். அதை முன்னாடியே ஸ்டேஷனும் சேனலும் கேட்டு எழுதி வச்சிருக்கணும், பிரச்சனை தெருவுக்கு வந்த பிறகு கையெழுத்துக்குப் பேப்பரை நீட்டறதுல நியாயம் இல்ல.

அமெரிக்காவுல 1960ல வந்த சட்டத் திருத்தத்தை நிறையப் பேர் தப்பாப் புரிஞ்சு வச்சிருக்காங்க. பணம் வாங்கிட்டுப் பாட்டு போடவே கூடாதுன்னு அது சொல்லல. வாங்கினா அதை ஸ்டேஷனுக்குச் சொல்லணும், ஸ்டேஷன் கேக்கறவங்களுக்குச் சொல்லணும், சொல்லாம மறைச்சாத்தான் குற்றம், 10,000 டாலர் வரைக்கும் அபராதம், ஒரு வருஷம் வரைக்கும் ஜெயில். மறைக்கறதுதான் தப்புன்னு அந்தச் சட்டத்தை எழுதினவங்களுக்கே தெளிவா இருந்திருக்கு. அறுபது வருஷத்துக்கு மேல ஆச்சு, நம்ம கான்ட்ராக்ட்ல இன்னும் அந்தத் தெளிவு வரல.

இன்னொண்ணும் சொல்லியாகணும். அந்த விசாரணைகளுக்கு அப்புறம் பாட்டைத் தேர்ந்தெடுக்கற அதிகாரம் டிஜே கையிலேர்ந்து ப்ரோகிராம் டைரக்டர் கைக்குப் போச்சு. இன்னைக்கு நிறைய ஸ்டேஷன்ல எந்தப் பாட்டு எத்தனை மணிக்குன்னு முடிவு பண்றது செலக்டர் மாதிரி மியூசிக் ஷெட்யூலிங் சாஃப்ட்வேர், அதுக்குள்ள விதிகளைப் போடறது ப்ரோகிராமிங் டீம். ஆர்ஜே ஸ்கிரீன்ல வர்ற வரிசைப்படி ஓட்டறாங்க. அதனால காசும் அதிகாரம் இருக்கிற இடத்துக்குப் போச்சு. 2005ல நியூயார்க் அட்டர்னி ஜெனரல் எலியட் ஸ்பிட்சர் விசாரிச்சு சோனி பிஎம்ஜிங்கிற இசைக் கம்பெனி 10 மில்லியன் டாலர் கட்ட ஒத்துக்கிட்டப்போ வெளிய வந்ததைப் பாருங்க: ப்ரோகிராமர்களுக்குப் பரிசும் டூர் செலவும், ஸ்டேஷனோட செலவுகளுக்கே பணம், நேயர்களுக்கான போட்டிக்குப் பரிசுப் பொருள், நடுவுல தனி ப்ரோமோட்டர்கள், ரசிகர்கள் மாதிரி நடிச்சு ஸ்டேஷனுக்குப் போன் பண்ணிப் பாட்டுக் கேக்கறதுக்குக் கூலிக்கு ஆள். 2007ல கிளியர் சேனல், சிபிஎஸ், சிட்டடெல், என்டர்காம் நாலு பெரிய கம்பெனியும் சேர்ந்து 12.5 மில்லியன் டாலர் கட்டி அமெரிக்க ஒலிபரப்பு ஆணையத்தோட பிரச்சனையை முடிச்சுக்கிட்டாங்க. அதனாலதான், வெளி வேலை செய்யக்கூடாதுன்னு ஆர்ஜே கான்ட்ராக்ட்ல மட்டும் ஒரு வரி எழுதி வச்சுட்டு இருக்கிற நிர்வாகங்களைப் பார்த்தா எனக்குக் கோவம் வருது. விதி எழுதறதுன்னா மேலேர்ந்து எழுதுங்க.

கோவம்னு சொன்னேன்ல, அதுக்குக் காரணத்தையும் சொல்லிடறேன். நான் வேலை பார்த்த ஒரு ஸ்டேஷன்ல ஷோ நடுவுல சேல்ஸ் டீம்லேர்ந்து ஒரு பேப்பர் வரும், 'ஆர்ஜே மென்ஷன்'னு போட்டிருக்கும், உள்ள இருக்கற வாசகம் 'நானே யூஸ் பண்றேன், எனக்கு ரொம்பப் பிடிச்சுது'ன்னு இருக்கும். அந்தப் பொருளை நான் கண்ணால கூடப் பார்த்திருக்க மாட்டேன். தனியா ரெக்கார்ட் பண்ணி ஓட்டற விளம்பர ஸ்பாட்டை விட மென்ஷனுக்கு ரேட் அதிகம், ஏன்னா அது விளம்பரம் மாதிரி தெரியாது, நண்பர் சொல்ற மாதிரி இருக்கும். அந்த அதிக ரேட்டுல எங்களுக்குப் பங்கும் இல்ல, வேண்டாம்னு சொல்ற உரிமையும் இல்ல. அதே ஸ்டேஷன்தான் என் கூட வேலை பார்த்த ஒருத்தர் ஒரு ஆர்ட்டிஸ்டோட வெளியீட்டு விழாவைத் தொகுத்து வழங்கினாங்கன்னு காரணம் சொல்லி கான்ட்ராக்டைப் புதுப்பிக்காம விட்டுச்சு, அந்த ஆர்ட்டிஸ்டோட இன்டர்வியூ ஸ்லாட்டை ஸ்பான்சருக்கு வித்ததும் அதே ஸ்டேஷன்தான். எங்க குரலோட நம்பகத்தன்மையை நீங்க விக்கும்போது அதுக்குப் பேர் வியாபாரம், நாங்க எங்க உழைப்பை வெளிய கொடுத்தா அது நல முரண்பாடு. ரெண்டுக்கும் ஒரே அளவுகோல் வைங்கன்னுதான் கேக்கறோம். கேக்கறவங்க நம்பறது ஸ்டேஷனோட லோகோவை இல்ல, தினமும் காதுல விழற ஒரு குரலை. அந்தக் குரலுக்குச் சொந்தக்காரங்கதான் நாளைக்கு வெளிய வந்து முகம் கொடுக்கணும்.

ஆஸ்திரேலியாவுல இது நல்லா வெடிச்சுது. ஜான் லாஸ்னு ரொம்பப் பெரிய ரேடியோ பேச்சாளர், பேங்குகளைக் காட்டமா விமர்சனம் பண்ணிட்டிருந்தவரு, திடீர்னு பேச்சு மாறிப் போச்சு. 1999ல ஏபிசி டிவியோட மீடியா வாட்ச் நிகழ்ச்சி, பேங்குகளோட சங்கம் அவருக்குப் பணம் கொடுக்கற ஒப்பந்தம் இருக்கறதை வெளிய கொண்டு வந்துச்சு. அதுக்கப்புறம் ஒலிபரப்பு ஆணையம் விசாரிச்சப்போ ஆலன் ஜோன்ஸ்னு இன்னொரு பெரிய குரலுக்கும் கம்பெனிகளோட ஒப்பந்தங்கள் இருந்தது தெரிஞ்சுது, வேற ஊர் ஸ்டேஷன்களுக்கும் விசாரணை போச்சு. 2000ல அந்த ஆணையம் கொண்டு வந்த விதியைத்தான் நான் உங்க முன்னாடி வைக்க ஆசைப்படறேன். பேச்சாளருக்கு ஒரு கம்பெனியோட ஒப்பந்தம் இருந்தா அந்தக் கம்பெனியைப் பத்திப் பேசும்போது ஏர்லயே சொல்லணும், அந்த ஒப்பந்தங்களை ஸ்டேஷன் ஒரு பதிவேட்டுல வைக்கணும், விளம்பரம் எது நிகழ்ச்சி எதுன்னு பிரிச்சுக் காட்டணும். நடப்பு விவகாரம் பேசற நிகழ்ச்சிகளுக்குத்தான் அந்த விதி வந்துச்சு, ஆனா பாட்டு போடற ஷோவுக்கு அதைக் கொண்டு வர்றதுல எந்தக் கஷ்டமும் இல்ல.

இப்படிச் சொல்லிச் சொல்லிப் பேசினா ரேடியோவோட அழகு போயிடும், விளம்பரதாரர் ஓடிடுவாங்கன்னு சேல்ஸ் பக்கம் சொல்லுவாங்கன்னு தெரியும், நானும் பப்ளிசிட்டி ஆளுதானே, அந்தப் பயம் எங்கேர்ந்து வருதுன்னு எனக்குத் தெரியும். ஆனா ரேடியோ வரலாறு அப்படிச் சொல்லல. 1952ல ரேடியோ சிலோன்ல ஆரம்பிச்ச பினாக்கா கீத்மாலாங்கிற இந்திப் பாட்டு நிகழ்ச்சியை எடுத்துக்கோங்க. ஸ்பான்சர் பற்பசையோட பேர் நிகழ்ச்சியோட பேர்லயே இருந்துச்சு, ஒளிச்சு வைக்க ஒண்ணுமே இல்ல, யார் காசுல இந்த நிகழ்ச்சி வருதுன்னு கேக்கற குழந்தைக்குக் கூடத் தெரியும். அமீன் சயானி அதை வருஷக்கணக்கா நடத்தினாரு, ரேடியோ விளம்பரங்கள் தயாரிக்கற வேலையும் கூடவே பெரிய அளவுல பண்ணிட்டிருந்தாரு, மக்கள் அவரு மேல வச்ச அன்பு குறைஞ்சுதா? 2024ல அவரு காலமானப்போ மூணு தலைமுறை ஆளுங்க அழுதாங்க. ஒருத்தர் ரெண்டு வேலையும் செஞ்சு மதிப்போட வாழ முடியும்ங்கறதுக்கு நான் எப்பவும் சொல்ற பேர் அதுதான்.

பிரிட்டன்ல 2010 கடைசியிலேர்ந்து வணிக ரேடியோல நிகழ்ச்சிக்குள்ளயே பணம் வாங்கிட்டுப் பொருளைப் பத்திப் பேச அந்த நாட்டு ஒலிபரப்புக் கட்டுப்பாட்டு அமைப்பான ஆஃப்காம் அனுமதிச்சுது, ஆனா அது பணம் வாங்கின பேச்சுன்னு கேக்கறவங்களுக்குப் புரியற மாதிரி இருக்கணும், செய்திக்குள்ள வரவே கூடாது, எந்தப் பாட்டு எத்தனை தடவை ஓடும்ங்கறதைப் பணம் தீர்மானிக்கக்கூடாதுன்னு கோடு போட்டாங்க. அதனால அங்க வணிக ரேடியோ அழிஞ்சு போயிடல, நல்லாத்தான் ஓடிட்டிருக்கு. பிபிசி கூட, அதுல விளம்பரமே இல்ல, ஆனா அவங்க பத்திரிகையாளர்களும் மேல்மட்ட அதிகாரிகளும் வெளி நிகழ்ச்சிகள்ல பணம் வாங்கிக் கலந்துக்கிட்டா அதை 2021லேர்ந்து பதிவேடா வெளியிடறாங்க. அப்ப இது நடக்க முடியாத காரியம்னு யாரும் சொல்ல முடியாது.

நான் எதிர்பார்க்கறதை நேராவே சொல்றேன். ஒவ்வொரு ஸ்டேஷன்லயும் ஒரு பதிவேடு வேணும், அதுல ஆர்ஜே மட்டும் இல்ல, ப்ரோகிராமிங் ஹெட்லேர்ந்து முதலாளி வரைக்கும் வெளிய யாருக்குப் பப்ளிசிட்டி வேலை செய்யறாங்க, எந்த இசைக் கம்பெனில பங்கு இருக்கு, எந்த ஈவென்ட் கம்பெனி சொந்தக்காரங்களோடதுன்னு எழுதணும், அது நேயர்கள் யார் வேணா பார்க்கற இடத்துல இருக்கணும், வெப்சைட்ல போட்டாலே போதும். தொகை எவ்வளவுன்னு எழுதத் தேவையில்ல, அது தனிப்பட்ட விஷயம், யார்கிட்டேர்ந்துங்கறது தெரிஞ்சா சரி. நான் பப்ளிசிட்டி பார்க்கற ஆர்ட்டிஸ்டோட பாட்டு என் ஷோல வந்தா, 'இவங்களுக்கு வெளிய நான் வேலை பார்க்கறேன்'னு ஒரே வரி சொல்லிட்டு ஓட்டறேன், அதுக்கு மூணு செகண்ட் கூட ஆகாது. அவங்களோட இன்டர்வியூவை நான் எடுக்கக்கூடாது, வேற ஆர்ஜே எடுக்கட்டும். அவங்களுக்குப் போட்டியா இருக்கிறவங்க வந்தாலும் நான் எடுக்கக்கூடாது, இதைப் பெரும்பாலும் யாரும் யோசிக்கறதே இல்ல, ஆதரவாப் பேசறதை மட்டும்தான் கவனிக்கறாங்க. எதிராளியோட இன்டர்வியூல சுரத்தே இல்லாமக் கேள்வி கேக்கறதும், பாட்டை அறிவிக்கும்போது பேரை வேகமா முழுங்கறதும் அதே அளவுக்குத் தப்பு, கண்டுபிடிக்கறதும் ரொம்பக் கஷ்டம். பிளேலிஸ்ட் மீட்டிங்ல வெளி வேலை இருக்கிறவங்க, எந்தப் பதவில இருந்தாலும், அந்தப் பாட்டைப் பேசும்போது எழுந்து போயிடணும்.

அந்தப் பக்கம் ரகசியத்தைப் பத்தியும் எழுதணும். பப்ளிசிட்டில இருக்கும்போது எங்க காதுக்கு நிறைய வரும், வெளியீட்டுத் தேதி, யார் யாரோட பிரிஞ்சாங்க, எந்த டூர் ரத்தாகப் போகுதுன்னு. அதை ஷோல சூடான செய்தியாப் போட்டா அன்னைக்கு ரேட்டிங் ஏறும், ஆனா நம்பி வேலை கொடுத்தவங்களுக்குத் துரோகம். அதே மாதிரி ஸ்டேஷனோட ரிசர்ச், எந்தப் பாட்டு நேயர்களுக்குச் சலிச்சுப் போச்சு, எந்த நேரத்துல எவ்வளவு பேர் கேக்கறாங்கங்கறதை நான் என் க்ளையன்ட்டுக்குக் கொடுத்தா அது உங்களுக்குத் துரோகம். ரெண்டுமே செய்யமாட்டோம்னு நாங்க கையெழுத்துப் போடத் தயார். பதிலுக்கு மென்ஷன்ல பயன்படுத்தாத பொருளைப் பயன்படுத்தறேன்னு சொல்லச் சொல்லி எங்களைக் கட்டாயப்படுத்தமாட்டோம், அந்த மென்ஷன் காசுல உரிய பங்கு தருவோம், வேண்டாம்னு சொன்னா வேலையில கை வைக்கமாட்டோம்னு நீங்க கையெழுத்துப் போடணும். ஒரு பக்கம் மட்டும் கையெழுத்து வாங்கற விதி எங்களைக் கட்டிப் போடத்தான் உதவும், கேக்கறவங்களுக்கு அதனால ஒரு பிரயோஜனமும் இல்ல.

இந்தத் தொழிலுக்குப் புதுசா வர்ற பசங்களை நினைச்சாத்தான் எனக்கு ரொம்பக் கவலையா இருக்கு. இன்டர்ன்ஷிப்ல சேர்ந்த முதல் மாசத்துலயே யாராவது ஒரு ஆர்ட்டிஸ்டோட ஆளு வந்து டிக்கெட் கொடுப்பாங்க, ஹெட்போன் கொடுப்பாங்க, 'சும்மா ஒரு ஸ்டோரி போட்டுடு, ஷோல பேரைச் சொல்லிடு'ன்னு கேப்பாங்க. அது பரிசா, கூலியா, லஞ்சமான்னு சொல்லிக் கொடுக்க ஸ்டேஷன்ல யாரும் இல்ல. கன்சோல் எப்படி ஓட்டறது, லெவல் எப்படிப் பார்க்கறதுன்னு பொறுமையா சொல்லித் தர்றோம், எந்தச் சொல்லை ஏர்ல சொல்லக்கூடாதுன்னு லிஸ்ட் கொடுக்கறோம், இதுக்கு ஒரு மணி நேரம் ஒதுக்கினா என்ன? அந்தப் பையனோ பொண்ணோ பின்னாடி ஒரு நாள் மாட்டினா ஸ்டேஷன் கைகழுவிடும், அவங்க பேர் மட்டும் கெட்டுப் போயிருக்கும். ஆலன் ஃப்ரீட் காலத்துலேர்ந்து இதே கதைதான் நடக்குது, பாட்டு விக்கறவனும் ஸ்டேஷன் நடத்தறவனும் தப்பிச்சுப் போவாங்க, மைக் முன்னாடி இருந்த ஆளு மட்டும் தெருவுல நிப்பாங்க.

அடுத்த கான்ட்ராக்ட் சுத்து வர்றதுக்கு முன்னாடி ஒவ்வொரு ஸ்டேஷன்லயும் ப்ரோகிராமிங், சேல்ஸ், ஆர்ஜேக்கள் மூணு தரப்பும் ஒரு மேஜையில உக்காந்து இந்த விதிகளை எழுதணும், எழுதினதை வெப்சைட்ல போடணும், ஏர்லயும் வாசிக்கணும். எழுத ஆள் வேணும்னா நாங்க வர்றோம், அதுக்குக் காசு வேண்டாம். வெளி வேலை இருக்கிற ஆர்ஜே யாருன்னு கணக்கெடுக்கறதுக்காக ரகசியமா சோஷியல் மீடியாவைத் துழாவிட்டிருக்கிற ஸ்டேஷன்கள் அதை இன்னைக்கே நிறுத்திட்டு எங்களைக் கூப்பிட்டு நேராக் கேளுங்க. என் பட்டியலை நான் எழுதி வச்சிருக்கேன், எந்தப் பதிவேட்டுல முதல் பேராப் போடணும்னாலும் போட்டுக்கோங்க.

இப்படிக்கு,
மைக்லயும் பப்ளிசிட்டிலயும் வேலை பார்க்கிற ஒரு ஆர்ஜே